கற்பனை நிலத்தை அளந்தவர்

மாயாஜாலக் கதைகளைப் பற்றிப் பேசும்போது எழுத்தாளர் பெயர் வரும், படமாக எடுத்த இயக்குநர் பெயர் வரும், சில நேரம் அட்டை ஓவியர் பெயர்கூட வரும். அந்தக் கதை நடக்கும் நிலத்தை வரைந்து கொடுத்தவர் யார் என்று கேட்டால் பெரும்பாலும் பதில் இருக்காது. இது பெரிய அநியாயம் என்று நினைக்கிறேன். அதனால்தான் கேரன் வின் ஃபான்ஸ்டட் பற்றி எழுதத் தோன்றியது. மாய உலகங்களின் வரைபடக்காரர்களில் எனக்கு அவர்தான் முதல் ஆள்.

1945-இல் அமெரிக்காவின் ஓக்லஹோமாவில் பிறந்தவர். அங்குள்ள பல்கலைக்கழகத்திலேயே புவியியலில் முதுகலை படித்தார், வரைபடக் கலையில் தேர்ச்சி பெற்றார். பிறகு விஸ்கான்சின் மாநிலத்தில் ஆஷ்காஷ் என்ற ஊரில் குடும்பத்தோடு வாழ்ந்தார். ஆங்கில எழுத்தாளர் டோல்கின் எழுதிய கதைகள் நடக்கும் மிடில்-எர்த் உலகத்துக்கு அவர் ஒரு முழு அட்லஸ், அதாவது வரைபடத் தொகுப்பு, தயாரித்தார். அது 1981-இல் வெளியானது. நூற்றுக்கும் மேற்பட்ட வரைபடங்கள், எல்லாம் கையால் வரைந்தவை.

கதைப்புத்தகத்தின் முதல் பக்கத்தில் மடித்து வைத்திருப்பார்களே, அந்த மாதிரி ஒரு வரைபடம் போடுவது ஒன்று. ஃபான்ஸ்டட் செய்தது முற்றிலும் வேறு. அவர் கதையை வரி வரியாகப் படித்து, நிலத்தைப் பற்றிய தகவல் எங்கே ஒளிந்திருந்தாலும் அதைக் குறித்து வைத்தார். இன்ன நாள் காலையில் மலை இடது பக்கம் தெரிந்தது, இன்ன நாள் மாலையில் ஆற்றைக் கடந்தார்கள் என்று நாம் சாதாரணமாகத் தாண்டிப் போகும் வாக்கியங்கள்தான் அவருக்குச் சான்று.

ஒரு உதாரணம். ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ கதையில் அரகார்ன், லெகோலஸ், கிம்லி மூவரும் பிடித்துச் செல்லப்பட்ட நண்பர்களைத் தேடி ஓடுகிறார்கள். நான்காவது நாள் முடியும் முன்பே 45 லீக் தூரத்தைக் கடந்துவிட்டீர்களே என்று குதிரைவீரன் ஒருவன் வியக்கிறான். ஒரு லீக் மூன்று மைல் என்றால் அது 135 மைல், அதாவது சுமார் 217 கிலோமீட்டர். வாசகர் ‘அடேயப்பா’ என்று சொல்லிவிட்டு அடுத்த பக்கத்துக்குப் போய்விடலாம். வரைபடக்காரர் போக முடியாது. முதல் நாள் எங்கே நின்றார்கள், இரவில் எங்கே படுத்தார்கள், மேடு எங்கே முடிந்து புல்வெளி எங்கே தொடங்கியது, இவ்வளவையும் தாளில் ஒரு புள்ளியாக, ஒரு கோடாக வைத்தே ஆக வேண்டும். ஃபான்ஸ்டட் வைத்தார். பயணப் பாதைகளுக்கென்றே தனி வரைபடங்கள், தங்கிய இடங்களுக்குத் தேதிகள். அதோடு போர்க்களங்கள், கோட்டைகள், வீடுகளின் உள் அமைப்பு, தட்பவெப்பம், தாவரங்கள், மக்கள்தொகை, மொழிகள் வரை போகிறது அட்லஸ். எங்கே ஊகித்தார், ஏன் அப்படி ஊகித்தார் என்பதையும் பக்கத்திலேயே எழுதுகிறார். இந்த நேர்மை எனக்கு மிகவும் பிடிக்கும்.

இன்னொரு சிக்கல் இருந்தது. டோல்கினின் உலகம் முதலில் தட்டையாக இருந்து, ஒரு பேரழிவுக்குப் பிறகு உருண்டையாக மாறுகிறது. உருண்டையான நிலத்தைத் தாளில் விரித்தால் தூரமோ திசையோ எங்காவது பிசகும், எந்த வரைபடக்காரரும் தப்ப முடியாது. டோல்கினின் சொந்த வரைபடங்கள் அந்த உலகைத் தட்டையாகவே நடத்துகின்றன என்பதால் ஃபான்ஸ்டட்டும் அதே வழியில் போனார். இல்லாத உலகத்துக்காக ஒருவர் இவ்வளவு யோசித்திருக்கிறார் என்று நினைத்தால் இப்போதும் நெகிழ்ச்சியாக இருக்கிறது.

வரைபடம் கதைக்கு அலங்காரம் என்ற எண்ணத்தை நான் அடியோடு மறுக்கிறேன். முதலில் வரைபடம், அதற்கேற்ற கதை என்று வேலை செய்ததாக டோல்கினே ஒரு கடிதத்தில் சொல்கிறார். 1954-இல் புத்தகத்தோடு வந்த வரைபடத்தை அவர் மகன் கிறிஸ்டோபர்தான் வரைந்தார். ஸ்டீவன்சனின் ‘புதையல் தீவு’ நாவல் பிறந்ததும் 1881-இல் வரைந்த ஒரு தீவுப் படத்திலிருந்துதான். அந்த முதல் படம் பதிப்பகத்துக்கு அனுப்பியபோது தொலைந்துவிட்டது. பிறகு கதையில் இருந்த விவரங்களையெல்லாம் தொகுத்து, அதற்குப் பொருந்தும்படி திரும்ப வரைய வேண்டியதாயிற்று. அந்த இரண்டாவது படம் தனக்கு ஏனோ புதையல் தீவாகவே இருக்கவில்லை என்று ஸ்டீவன்சன் எழுதியிருக்கிறார்.

‘எல்லாவற்றையும் அளந்து வைத்தால் மாயம் போய்விடாதா’ என்று சிலர் கேட்பார்கள். எனக்கு நேர்மாறாகத்தான் படுகிறது. டிராகன் பறந்து வருகிறது என்றால் அடுத்த ஊர் எத்தனை நாள் நடை என்று தெரிந்தால்தான் பயம் வரும். தூரம் இல்லாத உலகத்தில் ஆபத்தும் இல்லை, களைப்பும் இல்லை, வீடு திரும்பும் ஏக்கமும் இல்லை. நினைத்த இடத்துக்கு நினைத்த நேரத்தில் ஆட்கள் போய்ச் சேரும் கதைகளை என்னால் நம்பவே முடிவதில்லை, அதில் எவ்வளவு மந்திரம் இருந்தாலும் சரி.

ஃபான்ஸ்டட் டோல்கினின் உலகத்தோடு நிற்கவில்லை. எழுத்தாளர் ஆன் மெக்காஃப்ரியின் பெர்ன் என்ற கதை உலகத்துக்கு 1984-இல், இன்னொரு எழுத்தாளர் ஸ்டீஃபன் டொனால்ட்சனின் கற்பனை நிலத்துக்கு 1985-இல், அப்புறம் டிராகன்லான்ஸ், ஃபர்காட்டன் ரெல்ம்ஸ் என்ற விளையாட்டு உலகங்களுக்கு 1987-இலும் 1990-இலும் அட்லஸ்கள் செய்தார். டோல்கினின் பழைய பிரதிகளைக் கிறிஸ்டோபர் தொடர்ந்து வெளியிட்டு வந்ததால், தன் முதல் அட்லஸைத் திருத்தி 1991-இல் மறுபதிப்புக் கொண்டுவந்தார். 2005-இல் மார்பகப் புற்றுநோயால் இறந்தபோது அவருக்கு வயது 59. ஏறத்தாழ 20 ஆண்டுகள் கழித்து, 2025-இல்தான் நியூயார்க் டைம்ஸ், தான் கவனிக்காமல் விட்ட ஆளுமைகளுக்கான தொடரில் அவருக்கு இரங்கல் கட்டுரை போட்டது.

அட்லஸ் கையில் கிடைத்தால் போர்க்கள வரைபடங்களுக்கு அவசரப்பட்டுப் போகாதீர்கள். பயணப் பாதைப் பக்கங்களில் தொடங்குங்கள், கதையையும் பக்கத்தில் திறந்து வைத்துக்கொண்டு. மாய உலகக் கதைகளைப் பதிப்பிப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள்: வரைபடம் வரைந்தவர் பெயரை உள்ளே பொடி எழுத்தில் போடாமல், எழுத்தாளர் பெயர் இருக்கும் பக்கத்திலேயே அச்சிடுங்கள்.