மல்லி என்று பெயர் இருந்தால் மல்லிகையா?

'பேரில் மல்லி இருந்தால் எல்லாம் மல்லிகை இனம்தான், எந்தப் பூவையும் டீ போட்டுக் குடிக்கலாம்' என்று மதுரைப் பக்கத்து வாட்ஸ்அப் குழுக்களில் ஒரு செய்தி சுற்றுகிறது. தவறு.

2013இல் புவிசார் குறியீடு பெற்ற மதுரை மல்லி அசல் மல்லிகை. ஆலிவ் மரக் குடும்பம். மதுரை மாட்டுத்தாவணிப் பூச்சந்தையில் பக்கத்திலேயே குவித்து விற்கும் செண்டுமல்லியோ சூரியகாந்திக் குடும்பம், மெக்சிகோ பக்கத்திலிருந்து வந்தது. அந்திமல்லியும் அமெரிக்கக் கண்டத்துச் செடிதான். அதன் விதையும் வேரும் நஞ்சு.

கவனிக்க வேண்டியது சுடுகாட்டு மல்லி, அதாவது நித்தியகல்யாணி. மடகாஸ்கரைச் சேர்ந்த இது அரளியின் உறவு. இதிலிருந்துதான் வின்கிரிஸ்டின், வின்பிளாஸ்டின் என்ற புற்றுநோய் மருந்துகளைப் பிரித்தெடுக்கிறார்கள். 'அப்படியென்றால் நல்லதுதானே?' என்று சிலர் கேட்கிறார்கள். மருத்துவமனையில் அந்த மருந்தை அளந்து, ரத்தப் பரிசோதனை பார்த்து, ரத்தக் குழாயில்தான் ஏற்றுவார்கள். வீட்டில் கொதிக்க வைக்கும் கஷாயத்தில் எவ்வளவு நஞ்சு இறங்கியது என்று யாருக்குத் தெரியும்? வாந்தி, நரம்புப் பாதிப்பு வரை போகலாம்.

அப்புறம், பலசரக்குக் கடையில் மல்லி கேட்டால் தனியாவைத்தான் பொட்டலம் கட்டுவார்கள். அதற்கும் மல்லிகைக்கும் சம்பந்தமே இல்லை.