நாயனக்காரருக்கு வாசிக்க நேரம் கொடுங்கள்

கும்பகோணம், மாயவரம் பக்கம் நாயனமும் (நாதஸ்வரம்) தவிலும் இல்லாமல் கல்யாணம் இல்லை. ஆனால் அவர்களை வாசிக்க விடுகிறோமா?

மாப்பிள்ளை அழைப்புக்குச் செண்டை மேளம், வரவேற்புக்கு லைட் மியூசிக். முகூர்த்தத்தன்று காலையில் நாயனக்காரரையும் தவில்காரரையும் ஸ்பீக்கர் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார வைக்கிறோம். ஊதும் முனையில் செருகும் சீவாளியை எச்சிலில் பதப்படுத்தி, ஊதிப் பார்த்து, சரியில்லை என்று மாற்றி, அப்புறம்தான் நாயனக்காரர் ராகத்தைத் தொடுகிறார். தவில்காரர் வலது கை விரல்களில் கூடுகளை ஒவ்வொன்றாக மாட்டி முடித்திருப்பார். நாலு சங்கதி வருவதற்குள் வீடியோக்காரர் கையைக் காட்டுகிறார், நிறுத்து என்று. இல்லாவிட்டால் மாப்பிள்ளையின் நண்பர் யாராவது வந்து சினிமாப் பாட்டு கேட்கிறார். தாலி ஏறியதும் எல்லோரும் பந்திக்கு ஓடுகிறோம்.

சம்பளம் போதாது என்பது உண்மை. ஆடி, புரட்டாசி, மார்கழியில் முகூர்த்தம் கிடையாது. அந்த மாதங்களையும் மற்ற மாத வருமானத்தில்தான் ஓட்ட வேண்டும். ஆனால் எனக்கு அதைவிடப் பெரிய கவலை, இளம் பிள்ளைகள் எங்கே வாசித்துத் தேறுவார்கள் என்பதுதான். வீட்டுச் சாதகம் மட்டும் போதாது. ஜனங்கள் முன்னால் மணிக்கணக்கில் ஊதினால்தான் மூச்சும் கற்பனையும் விரியும். பழைய தலைமுறைக்குக் கோயில் அந்த இடத்தைக் கொடுத்தது. சாமி புறப்பாட்டுக்கு அதற்கென்றே உள்ள மல்லாரி, அப்புறம் வீதிக்கு வீதி நின்று ராக ஆலாபனை, பள்ளியறைக்கு நீலாம்பரி ராகம். நாயன மேதை திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளையின் (1898-1956) தோடி ராகத்தை இன்றைக்கும் பேசுகிறோம். அப்படியொரு தோடி கால் மணி நேர அவகாசத்தில் விளையாது. அவருக்கு நின்று வாசிக்க இடமும் இருந்தது, விடிய விடிய நின்று கேட்க ஊரும் இருந்தது.

கும்பகோணம் பக்கத்து நரசிங்கம்பேட்டையில் செய்யும் நாதஸ்வரத்துக்கு 2022இல் புவிசார் குறியீடு கிடைத்தபோது எல்லோரும் பெருமையாகப் பகிர்ந்தோம். நானும் மகிழ்ந்தேன். பழைய ஆச்சா மரத்தைத் தேடிப் பிடித்துக் கடையும் அந்த ஆசாரிமார்களுக்கு அது சேர வேண்டிய மரியாதைதான். ஆனால் வாசிக்கிறவன் இருந்தால்தானே கருவி விற்கும்?

அதனால் கல்யாணம் வைத்திருக்கும் டெல்டாக்காரர்களிடம் கேட்கிறேன். முகூர்த்தத்துக்கு முந்தின நாள் சாயங்காலம் ஒரு மணி நேரம் நாயனத்துக்கென்றே ஒதுக்குங்கள். அந்த நேரத்துக்குச் செண்டையும் வேண்டாம், பாட்டுச் சீட்டும் வேண்டாம். அச்சாரம் கொடுக்கும்போதே இதைச் சொல்லி, அதற்கான தொகையையும் சேர்த்துப் பேசிவிடுங்கள். அவர்களுக்குப் பிடித்த ராகத்தை அவர்களே எடுக்கட்டும். வீட்டுப் பெரியவர்கள் நாலு பேராவது முன்வரிசையில் உட்கார்ந்து கேளுங்கள்.