சனிக்கிழமை இரண்டு மணி

நீதிமன்ற அவமதிப்பு என்றால் நீதிபதியைத் திட்டி எழுதுவதுதான் என்று நம்மில் பலர் நினைக்கிறோம். எனக்கு அந்தச் சொல்லைக் கேட்டாலே சிங்கப்பூரின் ஓர் அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளம் கண்ணில் வருகிறது. சனிக்கிழமை பிற்பகல் இரண்டு மணிக்கு என் தம்பி அங்கே நிற்பான். அவனைப் பிரிந்து வாழும் தாய், மகளை அந்த நேரத்தில் அவனிடம் அனுப்ப வேண்டும் என்பது குடும்ப நீதிமன்றத்தின் ஆணை. நான்கு வாரமாகப் பிள்ளை கீழே வரவில்லை. "காய்ச்சல்", "டியூஷன்". பிறகு பதிலே இல்லை.

அக்கா என்பதால் அவன் பக்கம் சாய்கிறேன் என்பீர்கள். சாய்கிறேன்தான். ஆனால் "அவள் பிள்ளையைக் காட்டாவிட்டால் நான் பராமரிப்புப் பணத்தை நிறுத்துகிறேன்" என்று அவன் சொன்ன அன்று அவனை உட்கார வைத்துத் திட்டினேன். பராமரிப்பு ஓர் ஆணை, பிள்ளையைப் பார்ப்பது வேறோர் ஆணை. ஒருவர் மீறினால் மற்றவருக்கும் மீறும் உரிமை வந்துவிடாது. பணத்தை நிறுத்தினால், கட்டாத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறை விதிக்க, இங்குள்ள குடும்பச் சட்டமான மாதர் சாசனம் இடம் தருகிறது. எல்லாவற்றுக்கும் மேலாக, அது பிள்ளையின் சோறு.

வேண்டுமென்றே ஆணையை மீறுவது 2016ஆம் ஆண்டின் நீதி நிர்வாகப் பாதுகாப்புச் சட்டப்படி அவமதிப்பு. உயர் நீதிமன்றம் தண்டித்தால் மூன்று ஆண்டுச் சிறை அல்லது 100,000 வெள்ளி அபராதம் வரை போகலாம், இரண்டும் சேர்ந்தும் வரலாம். குடும்ப நீதிமன்றம் என்றால் 12 மாதம், 20,000 வெள்ளி.

படிக்கும்போது கடுமையாகத் தெரிகிறது. ஆனால் அந்த வாசல் வரை நடக்க வேண்டியவர் ஆணையைக் கையில் வைத்திருப்பவர்தான். முதலில் மனுப்போட நீதிமன்றத்தின் அனுமதி பெற வேண்டும். பிறகு, தெரிந்தே மீறினார் என்பதை ஐயத்துக்கு இடமில்லாமல் நிரூபிக்க வேண்டும். ஒருவரைச் சிறைக்கு அனுப்பக்கூடிய வழக்கு என்பதால் அந்த அளவுகோல் சரியே, அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் ஏழு வயதுப் பிள்ளையின் தாயைச் சிறைக்கு அனுப்பி எந்தத் தகப்பன் நிம்மதியாகத் தூங்குவான்? அதனால்தான், இழந்த நேரத்தை ஈடுகட்டக் கூடுதல் நேரம், ஆணைப்படி நடப்பேன் என்று உறுதி தரும் பிணைப்பத்திரம், ஆலோசனைக்குப் போகச் சொல்லும் ஆணை ஆகியவற்றைக் கொண்டுவந்த மாதர் சாசனத்தின் 2022ஆம் ஆண்டுத் திருத்தத்தை நான் மனமார வரவேற்கிறேன். பிள்ளைக்கு வேண்டியது அப்பாவுடன் கழிக்கும் அந்தச் சில மணிநேரம்.

எனக்குக் கோபம் உறவினர்கள் மீதுதான். "கோர்ட்டுதானே, என்ன செய்துவிடும், அனுப்பாதே" என்று அந்தப் பெண்ணுக்கு ஓதுகிறார்கள். "விடுடா, வேறு கல்யாணம் செய்துகொள்" என்று இவனுக்கும் ஓதுகிறார்கள். ஆணையில் பிடிக்காத வரி இருந்தால் மாற்றக் கோரி மனுப்போட வழி இருக்கிறது. அதை யாரும் சொல்வதில்லை.

தம்பி இப்போது ஒரு நோட்டில் தேதி, நேரம், அனுப்பிய செய்தி, வந்த பதில் எல்லாவற்றையும் எழுதுகிறான். ஒன்றாம் தேதி பணம் போய்விட்டது. நாளை சனிக்கிழமை. நானும் அவனுடன் போகிறேன்.