முனியாண்டி என் அப்பா!

மலேசியாவில், எங்கள் ஊரான சுங்கை சிப்புட்டில் எந்த அலுவலகத்திற்குப் போனாலும் "மிஸ் முனியாண்டி!" என்றுதான் அழைக்கிறார்கள். முனியாண்டி என் அப்பா. நான் கயல்விழி. எத்தனை முறைதான் சொல்வது? அடையாள அட்டையில் இரண்டு பெயருக்கும் நடுவே 'ஏ/பி' என்று தெளிவாக இருக்கிறது. மலாய் மொழியில் அனாக் பெரம்புவான், அதாவது மகள். இந்த நாட்டிலேயே பிறந்து வளர்ந்தவர்களுக்கா இது புரியாது?

அகமது பின் இஸ்மாயிலை, அதாவது இஸ்மாயிலின் மகன் அகமதுவை, யாராவது இஸ்மாயில் என்று கூப்பிடுகிறார்களா? சீனப் பெண் டான் மெய் லிங் என்றால் டான்தான் குடும்பப் பெயர் என்று எல்லோருக்கும் தெரிகிறதே! எங்களைப் போலவே அப்பா பெயரைப் பின்னால் சேர்க்கும் ஐஸ்லாந்தில் தொலைபேசிப் புத்தகத்தையே சொந்தப் பெயர் வரிசையில்தான் அச்சிட்டார்கள். எங்களுக்கு மட்டும் ஏன் இந்தக் கதி?

விமான டிக்கெட்டா, வங்கிப் படிவமா, எல்லாவற்றிலும் 'குடும்பப் பெயர்' கட்டம். காலியாக விட்டால் கணினி அடுத்த பக்கத்துக்கே போகாது.

அப்பா பெயரில் எனக்கு வெட்கமில்லை. மதுரைப் பக்கத்துக் காவல் தெய்வத்தின் பெயர் அது; தாத்தா கடல் தாண்டிக் கொண்டுவந்த சாமி. ஆனால் அது அப்பாவுடையது. ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டிக் களைத்து வந்த அம்மா, என் கண்ணைப் பார்த்து ஆசையாக வைத்த பெயர் எனக்கு இருக்கிறது. அதைச் சொல்ல ஏன் யாருக்கும் வாய் வரவில்லை?

இப்போது என் மகளுக்கும் தொடங்கிவிட்டது. கிளினிக்கில் அவளுடைய அப்பா பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். அவளுக்கு மூன்று வயது!