பஸ் அடித்தால் எல்லாருக்கும் வி70 இல்லை
பஸ் மோதிக் காயப்பட்ட எல்லாருக்கும் ஐசிடி-10 இல் (நோய், காயங்களுக்குக் குறியீடு குடுக்கிற உலகப் பட்டியல்) வி70–வி79 (V70–V79) குறியீடுதான் போடவேணும் என்று ஒருத்தர் எழுதியிருக்கிறார். அது சரியில்லை, குறை நினைக்காதேங்கோ. 'வி'க்கு அடுத்த இலக்கம் காயப்பட்டவர் எதில் போனவர் என்பதைச் சொல்லுது. மோதியது எது என்பது அதற்கடுத்த இலக்கம். மாங்குளத்தில் ஏ9 வீதியில் பஸ் அடித்தது என்று வையுங்கோ: நடந்தவருக்கு வி04, சைக்கிளில் போனவருக்கு வி14. மோட்டார் சைக்கிள் ஓட்டினவருக்கு வி24.4, பின்னுக்கு இருந்தவருக்கு வி24.5. உலக சுகாதார நிறுவனத்தின் இணைய ஐசிடி-10 பட்டியலில் 20ஆம் அத்தியாயத்தைத் திறந்து வி70–வி79 தலைப்பைப் பாருங்கோ. பஸ்ஸுக்குள் இருந்தவர் காயப்பட்டது என்றுதான் இருக்கும்.