பெனடிக்டின் துறவி வாயே திறக்கக் கூடாதா?

“பெனடிக்டின் துறவிகள் சாகும்வரை மௌன விரதம் இருப்பவர்கள், பொது விவகாரத்தில் தலையிட்டால் விதிமீறல்” என்றொரு தகவல் சுற்றுகிறது. தவறு. இந்தக் கிறிஸ்தவத் துறவிகளுக்காகப் புனித பெனடிக்ட் 6ஆம் நூற்றாண்டில் எழுதிய விதிநூல் கேட்கும் வாக்குறுதிகள் மூன்று: ஒரே மடத்தில் நிலைத்திருத்தல், துறவு ஒழுக்கம், கீழ்ப்படிதல். இரவு செபத்துக்குப் பின் பேசக்கூடாது என்பது மெய்தான். விருந்தினர் வந்தால் அதற்கும் விலக்கு உண்டு!

பொது விவகாரத்தில் தலையிட்டவருக்கு ஓர் உதாரணம்: இங்கிலாந்தின் பெனடிக்டின் துறவி பேசில் ஹியூம். ஆம்பிள்ஃபோர்த் மடத்தின் தலைவராக இருந்து, 1976இல் வெஸ்ட்மின்ஸ்டர் கத்தோலிக்கப் பேராயரானவர். வெடிபொருள் வழக்கில் தண்டிக்கப்பட்ட ஜுசெப்பே கொன்லனைச் சிறையில் சந்தித்தார். நிரபராதி என்று நம்பினார். 1980இல் கொன்லன் இறந்த பின்னும் விடவில்லை, உள்துறை அமைச்சர் வரை போய் வாதாடினார். கில்ட்ஃபோர்டு நகரக் குண்டுவெடிப்பு வழக்கில் சிறையிலிருந்த கொன்லனின் மகன் 1989இல் விடுதலையானார். தந்தை மீதான தீர்ப்பு ரத்தாக 1991 ஆயிற்று.