வெறும் ‘சரி’

இன்றைக்கும் தம்பியிடமிருந்து மெசேஜில் ஒற்றைச் சொல்: ‘சரி’. என்ன சரி? சம்மதமா, கோபமா, ஆளை விட்டால் போதும் என்பதா? ஓசூரில் உட்கார்ந்துகொண்டு அந்த இரண்டெழுத்தை எத்தனை முறைதான் உற்றுப் பார்ப்பது?

பென்னாகரத்து வீட்டில் அம்மா ‘சரி’ என்றால் முகம் பார்க்காமலே புரியும். ‘சரீ...’ என்று இழுத்தால் நம்பவில்லை. வெடுக்கென்று வெட்டினால் இரண்டு நாள் பேச்சில்லை. மூச்சோடு சேர்ந்து இறங்கினால் அடுப்படியில் அழுதிருக்கிறாள். எடுத்தல், படுத்தல், நலிதல் என்று குரலின் ஏற்ற இறக்கத்துக்கு இலக்கணமே வகுத்த மொழி இது!

அப்பாவுக்கு சுகர் மாத்திரை வாங்கினாயா என்று கேட்டாலும் ‘சரி’. வாங்கிவிட்டானா, இனிமேல்தானா? ஒரு நிமிடம் போன் போட்டு வாயைத் திறந்து சொன்னால் என்னடா?